காய்ந்த விரல்

எண்ணிக்கொண்டிருக்கும்போது யாராவது குறுக்கே பேசினால் எனக்குப் பிடிக்காது. இதைப் பெரிய குறையாக எடுத்துக்கொள்ள வேண்டாம். வலை பின்னுகிறவனுக்கும் இதே எரிச்சல் உண்டு. நேற்று உங்கள் எழுத்தர் என்னிடம் கேள்வி கேட்டுக்கொண்டே சன்னல் கம்பிகளை எண்ணிப் பார்த்தார். இரண்டு முறை எண்ணினார், இரண்டு விடை வந்தது. பதினேழு கம்பிகள் இருக்கின்றன. நான் வந்த அன்றே பார்த்துவிட்டேன்.

மன்றத்தாரே, நடந்ததை நடந்தபடி சொல்லச் சொன்னீர்கள், சொல்கிறேன். படகுத் தலைவி மொர்தா உங்கள் முன்னால் அழுதுகொண்டே சொன்னதில் பாதிதான் சரி. அழுகிறவர்களால் அதற்கு மேல் முடியாது, அவளைக் குறை சொல்லவில்லை.

என் பெயர் ஓத்ரன். முப்பத்தொரு வருடமாக ஈர்வாய்க் கடலில் எண்ணுரைப்பவன். நீங்களும் இந்தத் தோமார்த் துறையில் பிறந்தவர்கள்தான், ஆனால் மேட்டுத்தெருக்காரர்கள். ஈர்வாயைக் கரையிலிருந்து பார்த்ததோடு சரி. அந்தத் தண்ணீரில் நுரை கிடையாது. கடற்காக்கைகள் கேள்கல் வரைக்கும் கூட வந்து அங்கிருந்து திரும்பிவிடும். நாங்கள் அந்தக் கல்லருகே படகை நிறுத்துவோம். எல்லோரும் கண்ணை மூடி உட்கார்வார்கள். நான் அந்தக் கடலிலேயே ஒரு கிண்ணம் தண்ணீர் மொண்டு, கட்டைவிரலை நனைத்து, ஒவ்வொரு நெற்றியையும் தொட்டுக்கொண்டு போவேன். கடைசியில் என் நெற்றி. பிறகு படகின் முகப்பில் நின்று கல்லைப் பார்த்து எண்ணைச் சொல்வேன். மறுகரையில் கெலுவாக் கல் வரும்வரை மூன்று நாள், கடல் அந்த எண்ணைக் காப்பாற்றும்.

காப்பாற்றும் என்றால், சொன்ன எண்ணுக்கு மேல் ஒரு ஆள் இருந்தால், ஈர விரல் படாத ஆளை மறுநாள் எடுத்துக்கொள்ளும். அலையும் இருக்காது, சத்தமும் இருக்காது. இருந்தவர் இருக்கமாட்டார், அவ்வளவுதான். எண்ணுக்கு ஒரு ஆள் குறைந்தால், இதுவரை எடுத்தவர்களில் ஒருவரைத் திருப்பித் தரும். யாரைத் தருவது என்பது கடலின் இஷ்டம். கூட்டிச் சொல்வது எங்களுக்கு விலக்கப்பட்டது. அதற்கான தண்டனை எனக்குத் தெரியும், நீங்கள் வாசித்துக் காட்ட வேண்டியதில்லை.

முப்பத்தொரு வருடத்தில் ஒரே ஒரு முறைதான் என் எண் தப்பப் பார்த்தது. இரண்டு வருடத்துக்கு முன்பு, விலாங்கு பிடிக்கும் பருவம். எல்லோரையும் தொட்டு முடித்து முகப்பில் நின்று, பதின்மூன்று என்று சொல்ல வாயெடுத்தேன். பின்பக்கத்திலிருந்து என் மகள் நெவேரியின் குரல் வந்தது. அப்போது அவளுக்குப் பத்தொன்பது வயது. எங்கள் படகில் பாய் தைக்கிற வேலை அவளுடையது.

"பதினாலுப்பா. கூடைக்குள்ள கொழந்த தூங்குது."

எழுந்து போய்க் கூடையின் மூடியைத் தூக்கியும் காட்டினாள். இருந்தது. உப்புத் தண்ணீர் பட்டால் காய்ச்சல் வரும் என்று அதன் தாய் மூடி வைத்திருந்தாளாம். நான் இறங்கி வந்து குழந்தையைத் தொட்டேன். பதினான்கு என்றேன். படகு போயிற்று.

துடுப்புக்காரன் பெஸ்கோதான் ஆரம்பித்தான். "என்ன எண்ணுக்காரரே, ஆனைக்கும் அடி சறுக்குமோ? இனிமே மகளை முன்னாடி நிக்க வெச்சிட்டு நீங்க போய்ப் பாய் தைங்க. ஊசியில நூல் கோக்கக் கண்ணு தெரியுமில்ல?" மொர்தாகூடச் சிரித்தாள். குழந்தையின் தாய் நெவேரியின் காலைத் தொட்டுக் கும்பிட்டாள். என் பக்கம் திரும்பவே இல்லை.

ஊர் வாயை மூட உலைமூடி ஏது. நாங்கள் கெலுவாவில் பொதி இறக்குவதற்குள் சந்தைக்குக் கதை போய்விட்டது. விலாங்குக்குப் புகை போடுகிற பெண்கள் என்னை நிறுத்தி, "ஓத்ரண்ணே, கையில வெரல் எத்தனைன்னு ஒருக்கா எண்ணிச் சொல்லுங்க, எங்களுக்குச் சந்தேகமா இருக்கு" என்றார்கள். முப்பது வருடம் என்னிடம் நெற்றியைக் காட்டி உயிரோடு கரை சேர்ந்த பெண்கள் அவர்கள்.

அவள் செய்தது சரி. ஒரு குழந்தை பிழைத்தது, அதை நான் எந்த இடத்திலும் மறுக்கவில்லை. ஆனால் எல்லோர் முன்னாலும் கத்தியிருக்க வேண்டாம். எழுந்து வந்து காதோரம் சொல்லியிருக்கலாம். கேட்டதற்கு நேரம் இல்லை என்றாள். எட்டு அடி தூரம்.

வீட்டுக்கு வந்ததும் அவளுடைய சாப்பாட்டுக் கிண்ணத்தைக் கவிழ்த்தேன். இந்த வழக்கம் மேட்டுத்தெருவிலும் இருக்கிறது, நீங்களும் யாருடைய கிண்ணத்தையாவது கவிழ்த்திருப்பீர்கள். கிண்ணம் கவிழ்ந்தவர் வீட்டு எண்ணிக்கையில் இல்லை. பேச்சு இல்லை, கூட உட்கார்ந்து சாப்பாடு இல்லை. அவராக வந்து, "என்னையும் எண்ணுங்க" என்று கேட்க வேண்டும். கேட்டுவிட்டால் மறுக்க யாருக்கும் உரிமை கிடையாது, அந்த நிமிடமே கிண்ணத்தை நிமிர்த்த வேண்டும். இரண்டே இரண்டு சொல். மற்ற வீடுகளில் பிள்ளைகள் மூன்றாம் நாளே பசி தாங்காமல் வந்து கேட்டுவிடும்.

நெவேரி கேட்கவில்லை. ஐம்பது நாள் பின்கட்டில் தனியாக அடுப்பு மூட்டிப் பாசி அடை சுட்டுத் தின்றாள். அவளுடைய தாய் அவளுக்கு மூன்று வயதாக இருக்கும்போதே போய்விட்டாள். வீட்டில் நாங்கள் இரண்டு பேர்தான். நான் தினமும் ஒரு தட்டு எடுத்து வைத்து, 'ஒன்று' என்று எண்ணிச் சாப்பிட்டேன். அவளுக்குக் கேட்கும்படிதான் எண்ணினேன்.

ஐம்பத்தோராம் நாள் அடுத்த பயணம். கேள்கல்லருகே நின்றோம். கிண்ணத்தோடு வரிசையாகத் தொட்டுக்கொண்டு பின்பக்கம் போனேன். மற்றவர்கள் கண்ணை மூடியிருந்தார்கள். அவள் மூடவில்லை. கிழிந்த பாயை மடியில் போட்டுக்கொண்டு என்னையே பார்த்தாள். நான் அவள் முன்னால் நின்றேன். கேட்டுவிடுவாள் என்று நினைத்தேன். அவளும் எதற்கோ காத்திருந்தாள், எதற்கென்று எனக்குத் தெரியாது. கல்லருகே படகு அதிக நேரம் நிற்காது. திரும்பி நடந்து முகப்புக்குப் போய், பதினொன்று என்றேன். படகில் பன்னிரண்டு பேர்.

ஐம்பது நாள் அவளை விட்டு எண்ணிப் பழகிய கை அது. வழக்கத்தை யாரும் குற்றம் என்று சொல்லமாட்டார்கள்.

கல்லிடம் சொன்ன எண்ணைத் திருத்த முடியாது. அந்த மூன்று நாளும் காற்று ஒரு திசையில்தான் அடிக்கும், பாதியில் திரும்பிப் போகவும் வழியில்லை. இது எனக்குத் தெரியும், எண்ணுக்காரன் மகளான அவளுக்கும் தெரியும். அன்று சாயங்காலம் அவள் நன்றாகச் சாப்பிட்டாள். மொர்தாவிடம், "அக்கா, நாளைக்கு மத்தியானம் எனக்குச் சேத்து ஒலை வைக்காதீங்க" என்றாள்.

"ஏன்டி, வயிறு சரியில்லையா?"

"வயிறெல்லாம் நல்லாத்தான் இருக்கு. வீணாப் போகுமேன்னு சொன்னேன்."

மறுநாள் உச்சிவெயிலில் பாய் தைத்துக்கொண்டிருந்தாள். பெஸ்கோ தண்ணீர் கேட்டுத் திரும்பிப் பார்த்தபோது ஊசி பாதித் தையலில் குத்தி நின்றது, நூல் இன்னும் ஆடிக்கொண்டிருந்தது. நான் அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தவன். இமைத்திருப்பேன் போலிருக்கிறது.

நான் அழுதேன். அதை எழுதிக்கொள்ளுங்கள். மூன்று நாள் ஒன்றும் சாப்பிடவில்லை. மொர்தா என் தலையைத் தடவி, "கடல் சொல் தப்பிருச்சுண்ணே. ஒங்க எண்ணு தப்பாது, அதுதான் தப்பிருச்சு" என்றாள். நான் மறுத்துப் பேசவில்லை. எண்ணுரைப்பவனைத் தவிர வேறு யாரும் தலை எண்ணக் கூடாது என்பது படகின் விதி, ஆகவே யாரும் எண்ணியிருக்கவில்லை.

அடுத்த பயணத்தில் ஒன்று கூட்டிச் சொன்னேன். மகளை இழந்த தகப்பன் செய்யக் கூடியதுதான். நீங்கள் பெற்றவர்கள், இதை நீங்கள் புரிந்துகொள்வீர்கள்.

மறுநாள் காலையில் ஒரு கை படகின் விளிம்பைப் பிடித்தது. எல்லோரும் ஓடிப் போய்த் தூக்கினோம். கிழவர் ஒருவர், உப்பளத்துக்காரர். இப்போது யார் ராஜா என்று கேட்டார். சொன்னோம், அவருக்கு அந்தப் பெயர் தெரியவில்லை. உடம்பு சூடாக இருந்தது, மூச்சு வந்தது, புகை போட்ட விலாங்கை இரண்டு கையாலும் தின்றார். என் கையைப் பிடித்து முத்தம் வைத்தார். நல்ல மனிதர். ஆனால் அவர் நெவேரி இல்லை.

கேட்ட பொருள் வராவிட்டால் திருப்பிக் கொடுப்பதுதான் முறை. ஒன்றைக் கையில் வைத்துக்கொண்டே இன்னொன்றும் கேட்பது பேராசை. கெலுவாவில் நான்கு நாள் தங்கிவிட்டுத் தோமாருக்குத் திரும்பும்போது, கெலுவாக் கல்லருகே அவர் கண்ணை மூடிக்கொண்டு மற்றவர்களோடு உட்கார்ந்தார். அவர் முறை வந்தபோது விரலை இடுப்புத் துணியில் துடைத்துக்கொண்டு தொட்டேன். அத்தனை வருடம் தண்ணீரில் கிடந்தவருக்கு ஈரம் எது, காய்ந்தது எது என்று தெரியாது. எண்ணில் ஒன்றைக் குறைத்துச் சொன்னேன். மறுநாள் அவர் இல்லை.

படகில் இருந்தவர்களிடம், கொடுத்ததைக் கடல் இரண்டாம் முறை எடுத்துக்கொள்ளும், ஏறினவர்கள் தங்கமாட்டார்கள் என்று சொன்னேன். எண்ணுக்காரன் சொன்னால் நம்புவார்கள். இரண்டாவது ஆள் போன பிறகு, ஏறி வருகிறவர்களோடு அவர்கள் பேசுவதையே குறைத்துக்கொண்டார்கள். பெஸ்கோ மட்டும் தட்டை வைக்கும்போது, "நல்லா சாப்புடுங்க, நாலு நாள் விருந்தாளி" என்பான். அவன் வாய் அப்படி.

எட்டுப் பேர். மொர்தா ஆறு என்று சொன்னாள், அது தவறு. ஒன்றரை வருடத்தில் எட்டுப் பயணம், எட்டுப் பேர். எல்லோரையும் எனக்கு நினைவிருக்கிறது. ஒரு பெண் வந்தாள், பெயரைச் சொல்லமாட்டேன் என்றாள், எதற்கெடுத்தாலும் சிரித்தாள். எனக்கு அவளைப் பிடிக்கவில்லை. பின்பக்கத்தில் நெவேரி பாய் தைக்கிற இடத்தில் போய்க் காலை நீட்டி உட்கார்ந்தாள். வேறு இடமா இல்லை.

யூர்தன் என்று ஒரு தச்சர் வந்தார், தோமார்க்காரர். சும்மா உட்கார மனம் வராமல், கெலுவாவில் நின்ற நான்கு நாளில் எங்கள் சரக்கறையின் மூடியைப் பிரித்துப் புதிதாகப் பூட்டினார். கிளம்புகிற அன்று கண்ணை மூடிக்கொண்டு, "வீட்டுக்குத்தானே போறோம் எண்ணுக்காரரே?" என்றார். ஆமாம் என்றேன். அந்த மூடி இன்றுவரை ஒழுகவில்லை.

இவர்களை நான் கொன்றேன் என்று மொர்தா சொல்கிறாள். அவர்கள் ஏற்கெனவே போனவர்கள். நான் இருந்த இடத்திலேயே திரும்ப வைத்தேன்.

ஒன்பதாவது பயணத்தில், முற்பகலில், விளிம்பைப் பிடித்த கையில் தைப்புக்காரிகள் மாட்டும் தோல் உறை இருந்தது. "நெவேரிடி," என்று மொர்தா தரையில் உட்கார்ந்துவிட்டாள். பெஸ்கோ தூக்கினான். எல்லோரும் அவளைச் சுற்றி நின்று தலை துவட்டினார்கள், அவள் கன்னத்தைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தார்கள். அதே முகம்தான். இடது புருவத்தில் அதே வெட்டுத் தழும்பு. கடலுக்கு எல்லாம் தெரியும், ஒரு தழும்பு பெரிய காரியமா?

நான் தள்ளி நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். அவளும் கூட்டத்துக்கு நடுவிலிருந்து என்னைப் பார்த்தாள்.

கெலுவாவில் மொர்தா அவளைத் தன் பக்கத்திலேயே வைத்துக்கொண்டாள். "எடுத்துக்கும்னு சொன்னீங்களே அண்ணே, இவளையுமா?" என்று என்னிடம் இரண்டு மூன்று முறை கேட்டாள். பார்க்கலாம் என்றேன். மூன்றாம் நாள், நான் சந்தை ஓரத்தில் கஞ்சி குடித்துக்கொண்டிருந்தபோது நெவேரி வந்து எதிரில் உட்கார்ந்தாள். கிண்ணம் கவிழ்ந்தவர் அப்படி உட்காரக் கூடாது.

"வீட்டுல என் கிண்ணம் இன்னும் கவுந்தே கெடக்கா?"

கிடக்கிறது என்று தலையை அசைத்தேன்.

"தூசாவது தட்டினீங்களா?"

நான் கஞ்சியைக் குடித்தேன்.

"அங்க கீழ ஒரு தாத்தா இருக்காரு. ஒங்கள நல்லா தெரியும்னாரு. முத்தம் குடுத்தேன், மனுசன் வெரலத் தொடச்சுட்டு வந்தான்னாரு." அவள் குரலை உயர்த்தவில்லை. "தச்சர் ஒருத்தர். ஒரு அக்கா. எல்லாரும் ஒங்களப் பத்தித்தான் பேசிக்கிறாங்க. அந்த மாதிரி ஒரு பேரு வாங்கி வெச்சிருக்கீங்க."

"என்ன வேணும் ஒனக்கு?" என்றேன். ஒன்றரை வருடத்துக்கும் மேலாக அவளிடம் பேசாத வாய், பேசிவிட்டது.

"வீட்டுக்கு வரணும். வேறென்ன." எழுந்து நின்றாள். "நான் யாருகிட்டயும் சொல்லல. மொர்தாக்காகிட்டகூட. இந்தத் தடவ எண்ணிருவீங்கதானே?"

ஆமாம் என்றேன். பொய் சொல்ல வேண்டும் என்ற எண்ணம் அந்த நேரத்தில் எனக்கு இல்லை. இதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

கிளம்பினோம். கெலுவாக் கல்லருகே படகு நின்றது. பதினொரு பேர். எல்லோரும் கண்ணை மூடினார்கள், அவளும் மூடினாள். தொட்டுக்கொண்டே போனேன். அவள் முன்னால் வந்து நின்றபோது விரல் காய்ந்திருந்தது. எப்போது துடைத்தேன் என்று நினைவில்லை, எட்டு முறை செய்த கை. நெற்றியில் வைத்தேன்.

அவள் கண்ணைத் திறந்தாள். "வெரல் காஞ்சிருக்குப்பா," என்றாள்.

நான் கையை எடுக்கவில்லை.

"நனைச்சுத் தொடுங்க." பிறகு, படகில் எல்லோருக்கும் கேட்கும்படி, "கேக்கறேன்ல? என்னையும் எண்ணுங்க" என்றாள்.

எல்லோரும் கண்ணைத் திறந்துவிட்டார்கள். மொர்தா எழுந்து நின்றாள். "அண்ணே, அவ கேட்டுட்டா. நனைச்சுத் தொடுங்க" என்றாள். பெஸ்கோ என் விரலைப் பார்த்தான், என் இடுப்புத் துணியில் இருந்த உப்புக் கறையைப் பார்த்தான், அப்புறம் சரக்கறை மூடியைப் பார்த்தான். அவன் மந்தமானவன் என்று நான் நினைத்திருந்தேன்.

விரலை நனைத்தால் அதுவரை காய்ந்திருந்தது என்று ஆகிவிடும், எட்டுப் பேரும் வெளியே வருவார்கள், அதற்குப் பயந்துதான் செய்தேன் என்று உங்கள் எழுத்தர் எழுதி வைத்திருக்கிறார். நான் பார்த்தேன். அதை அடித்துவிடச் சொல்லுங்கள். கிண்ணம் என் கையில்தான் இருந்தது, நனைப்பதற்கு ஒரு நொடி போதும். நான் அதை யோசிக்கவே இல்லை. நாலு எட்டில் முகப்புக்குப் போனேன். பத்து என்று சொன்னேன்.

மொர்தா தன் இடுப்பையும் அவள் இடுப்பையும் ஒரே கயிற்றால் சேர்த்துக் கட்டினாள். பெஸ்கோவும் இன்னொருவனும் ஆளுக்கு ஒரு கையைப் பிடித்துக்கொண்டார்கள். ஒரு பகல், ஒரு இரவு அப்படியே உட்கார்ந்திருந்தார்கள். மறுநாள் வெயில் ஏறியபோது முடிச்சு அவிழாமல் கயிறு வளையமாகக் கிடந்தது. பெஸ்கோவின் விரல்கள் இன்னும் மூடியே இருந்தன. அவன் எழுந்து வந்து என் பல்லை உடைத்தான். மூன்று பல். அவன்மேல் எனக்குப் புகார் இல்லை.

எட்டுப் பேரைத் திருப்பி அனுப்பியது நான்தான். ஒன்பதாவதாக வந்தவளையும் அனுப்பியது நான்தான். முதல் முறை நெவேரியை எண்ணாமல் விட்டதும் நான்தான், படகில் பன்னிரண்டு பேர் என்று தெரிந்தே பதினொன்று சொன்னேன். இதற்கு மேல் யாரையும் விசாரிக்க வேண்டியதில்லை. தண்டனையைக் கொடுங்கள், நான் தடுக்கமாட்டேன். அதற்கு முன்பு ஒரே ஒரு பயணம் மட்டும் போய்வர அனுமதி கேட்கிறேன். என் மகள் இன்னும் அங்கேதான் இருக்கிறாள், அவளை நான் கொண்டுவர வேண்டும்.

அன்று படகில் கேட்டவள் அவள் இல்லை. நெவேரி ஐம்பது நாள் கேட்காதவள். உயிர் போகும் என்று தெரிந்தும் என் முகத்தைப் பார்த்துக்கொண்டே வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருந்தவள், எனக்குப் பிறந்தவள். இவள் எல்லோர் முன்னாலும் கேட்டாள். அதை வைத்துத்தான் நான் தெரிந்துகொண்டேன். அவள் என் மகளாக இருந்திருந்தால் விரலை நனைத்திருப்பேன்.